விளம்பரத்தை வெட்டாதீர்கள்

பழைய வானொலி ஒலிப்பதிவுகளைச் சேர்த்து வைத்திருக்கும் நேயர் மன்ற அன்பர்களுக்கு,



உங்களில் ஒரு மன்றத்தார், கேசட்டிலிருந்து கணினிக்கு மாற்றிய பழைய இலங்கை வானொலிப் பதிவுகளை ஒரு பென்டிரைவில் போட்டு எனக்கு அனுப்பியிருந்தார்கள். இரைச்சலைக் குறைத்து, ஒவ்வொரு பாட்டையும் தனிக் கோப்பாக்கி, படம், பாடகர், இசையமைப்பாளர் பெயரெல்லாம் எழுதி வைத்திருந்தார்கள். லேசான உழைப்பு இல்லை. ஆனால் கேட்கக் கேட்க ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. அறிவிப்பாளர் நேரம் சொல்ல வாயெடுப்பார், வெட்டு. வாழ்த்துப் பட்டியல் வாசிக்கத் தொடங்குவார், வெட்டு. விளம்பரம் மருந்துக்குக்கூட இல்லை. தொலைபேசியில் கேட்டேன். “அதையெல்லாம் சுத்தம் பண்ணிட்டோம் சார், பாட்டு மட்டும்தான் வெச்சிருக்கோம்” என்றார் நண்பர், பெருமையாக. பிறகு மற்ற மன்றத்து நண்பர்கள் சிலரிடமும் விசாரித்தேன். அநேகமாக எல்லோரும் இப்படித்தான் செய்துவருகிறீர்கள் என்று தெரிந்தது. அதனால் இந்த மடல் உங்கள் எல்லோருக்கும்.

கொஞ்சம் யோசியுங்கள். அந்தப் பாட்டுகள் இசைத்தட்டாக வந்தவை. இன்றும் எங்கும் கிடைக்கின்றன, உங்கள் கேசட்டில் இருப்பதைவிடப் பல மடங்கு தெளிவாக. 1970களின் ஒரு ஞாயிற்றுக்கிழமை, சிற்றலையின் ஏற்ற இறக்கத்துக்கு நடுவே, ராமநாதபுரத்திலோ நாகப்பட்டினத்திலோ ஒரு வீட்டில் கேட்ட அந்த அறிவிப்பு வேறு யாரிடமும் இல்லை. எந்த இசைத்தட்டுக் கம்பெனியும் அதை அச்சடிக்கவில்லை. நெல்லைக் கொட்டிவிட்டுப் பதரை மூட்டை கட்டியிருக்கிறீர்கள்.

“விளம்பரம் நெல்லா?” என்று நீங்கள் கேட்பது எனக்குக் கேட்கிறது. நாம் கண் கலங்கக் கேட்ட இலங்கை வானொலி எது? அதன் வர்த்தக சேவை. 1950இல் தொடங்கியது. 1952இல் நம்முடைய தகவல் ஒலிபரப்பு அமைச்சராக வந்த பி.வி. கேஸ்கர், திரைப்பாடல் என்றாலே முகம் சுளித்து அதை ஆகாசவாணியிலிருந்து ஒதுக்கிவைத்தார். அந்தப் பாட்டுகளுக்குக் கொழும்பில் திண்ணை கொடுத்தது விளம்பரக் காசு. அமீன் சயானி தொகுத்த இந்தித் திரைப்பாடல் நிகழ்ச்சி ‘கீத்மாலா’வுக்கு முன்னால் பினாகா என்று ஒரு பற்பசையின் பெயர் ஒட்டிக்கொண்டிருந்ததே, மறந்துவிட்டதா? தமிழ் அறிவிப்பாளர் எஸ்.பி. மயில்வாகனனின் குரல் பாக் நீரிணையைத் தாண்டி நம் வீடுகளுக்கு வந்ததற்கும் செலவழித்தவர்கள் வியாபாரிகள்தான். நம்முடைய ஆகாசவாணியின் விவித் பாரதியும் 1967இல் விளம்பரத்துக்கு வழிவிட்டது.

இதை உங்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. என்னைவிட உங்களுக்கு இதெல்லாம் அதிகம் தெரியும். ஆனால் விளம்பரத்தை வானொலியின் அழுக்காகப் பார்க்கும் பழக்கம் நமக்குள் ஆழமாக ஊறியிருக்கிறது. தபால் நிலையத்தில் வரிசையில் நின்று ரேடியோ லைசன்ஸ் கட்டிய தலைமுறை நாம். அரசு நடத்துவது சேவை, வியாபாரி நடத்துவது சத்தம் என்றே நம்பி வளர்ந்தோம். அதை அசைத்துப் பார்க்க, நமக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு தூரத்து ஊரின் வானொலி நிலையம் எனக்கு உதவியது. அந்த நிலையத்தின் கதையைத்தான் எழுதப்போகிறேன். சற்று நீளம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

அமெரிக்காவில், மிசிசிப்பி ஆற்றின் மேற்குக் கரையில், ஆர்கன்சா மாநிலத்தில் ஹெலெனா என்றொரு சிறுநகரம். ஆற்றைத் தாண்டினால் மிசிசிப்பி மாநிலம். இரண்டு கரையிலும் கண்ணுக்கு எட்டிய தூரம் வரை பருத்தி. நிலம் வெள்ளையருடையது. வாரத்துக்குப் பயிரிட்டு, விதைக்கும் சாப்பாட்டுக்கும் பண்ணைக் கடையிலேயே கடன் வாங்கி, அறுவடையில் அந்தக் கடனை அடைத்து, மறுபடியும் கடனில் விழுந்தவர்கள் கறுப்பினக் குடியானவர்கள்.

ஹெலெனா, பிலிப்ஸ் கவுண்டி என்ற மாவட்டத்தின் தலைமையிடம். அந்தக் கவுண்டிக்கு ஒரு பழைய காயம் உண்டு. 1919 செப்டம்பர் இறுதியில், எலெய்ன் என்ற ஊருக்கு அருகே, பருத்திக்கு நியாயமான கணக்குக் கேட்டு வாரக் குடியானவர்கள் ஒரு தேவாலயத்தில் சங்கக் கூட்டம் போட்டார்கள். அங்கே துப்பாக்கி வெடித்தது. அடுத்த சில நாட்கள் வெள்ளையர் கும்பல்களும் வரவழைக்கப்பட்ட படையினரும் காடுமேடெல்லாம் மனித வேட்டை ஆடினார்கள். இறந்த வெள்ளையர் 5 பேர். இறந்த கறுப்பினத்தவர் எத்தனை பேர் என்பது இன்றுவரை தீராத தகராறு. நூற்றுக்கணக்கில் என்பது பலரின் மதிப்பீடு. ஆனால் தூக்குத் தண்டனை விதிக்கப்பட்டது 12 கறுப்பினத்தவருக்கு. ஹெலெனா நீதிமன்றத்தில் நடுவர்கள் சில நிமிடங்களில் அந்த முடிவுக்கு வந்தார்கள். வழக்கு நாட்டின் உச்ச நீதிமன்றம் வரை போனது. விசாரணை நடந்த லட்சணத்தை அந்த நீதிமன்றம் 1923இல் கேள்வி கேட்டதால், கடைசியில் ஒருவரும் தூக்கில் தொங்கவில்லை.

வானொலிக் கதையில் இது எதற்கு என்று கேட்காதீர்கள். அந்த ஊரில் பகல் நேரத்தில், எல்லோர் வீட்டிலும் கேட்கும்படி ஒரு கறுப்பினத்தான் பேசுவதும் பாடுவதும் எவ்வளவு பெரிய விஷயம் என்பது, இது தெரியாமல் புரியாது.

1941 நவம்பரில் ஹெலெனாவில் கே.எஃப்.எஃப்.ஏ. என்ற வணிக வானொலி நிலையம் தொடங்கியது. அமெரிக்காவில் வானொலி பெரும்பாலும் வணிகர் கையில்தான் வளர்ந்தது. ஆரம்பத்தில் அங்கேயும் முணுமுணுப்பு இருந்தது. 1922இல் வர்த்தகத் துறைச் செயலராக இருந்த ஹெர்பர்ட் ஹூவர், சேவைக்கும் செய்திக்கும் பயன்பட வேண்டிய ஒரு சாதனம் விளம்பர அரட்டையில் மூழ்குவதை நினைத்தே பார்க்க முடியாது என்ற கருத்தில் பேசினார். அதே ஆண்டு ஆகஸ்டில் நியூயார்க்கின் டபிள்யூ.ஈ.ஏ.எஃப். நிலையம் காசு வாங்கிக்கொண்டு அடுக்குமாடி வீடுகளுக்கு விளம்பரம் ஒலிபரப்பிவிட்டது. அப்புறம் ஹூவர் பேச்சை யார் கேட்டார்கள்! 1940களில் சிறுநகரங்களில் முளைத்த நிலையங்களுக்கெல்லாம் உள்ளூர்க் கடைக்காரர்தான் படியளந்தார். பால்காரர், மரக்கடைக்காரர், சாவு வீட்டுக்குச் சவப்பெட்டி விற்பவர் வரை.

கே.எஃப்.எஃப்.ஏ.வை நடத்தியவர்களில் ஒருவர் சாம் ஆண்டர்சன், வெள்ளைக்காரர். நிலையம் திறந்த சூட்டோடு இரண்டு கறுப்பினக் கலைஞர்கள் அவரைப் பார்க்க வந்தார்கள். ஒருவர் மவுத் ஆர்கன் வாசித்துப் பாடுபவர். ஸன்னி பாய் வில்லியம்ஸன் என்று பெயர். இன்னொருவர் கிட்டார்க்காரர் ராபர்ட் லாக்வுட் ஜூனியர். பிந்தியவர் லேசுப்பட்ட ஆளில்லை. கறுப்பின மக்களின் ப்ளூஸ் இசையில் பெரும்புள்ளியான ராபர்ட் ஜான்சன் இவருடைய தாயாரோடு வாழ்ந்தவர். கிட்டார் பிடிக்க இவருக்குக் கற்றுக்கொடுத்தவரும் அவரே.

அவர்கள் கேட்டது எளிமையானது. எங்களுக்குக் கொஞ்ச நேரம் கொடுங்கள், பாடுகிறோம், அன்று இரவு எந்த ஊரில் எந்தச் சாராயக் கடையில் எங்கள் ஆட்டபாட்டம் என்று சொல்லிக்கொள்கிறோம். ஆண்டர்சனுக்கும் ஆசைதான். ஆனால் வணிக நிலையத்தில் நேரத்துக்குக் காசு உண்டே. விளம்பரதாரர் ஒருவரைப் பிடித்தால் ஆகும் என்று சொல்லி, மேக்ஸ் மூர் என்பவரிடம் அனுப்பினார்.

மேக்ஸ் மூர் இன்டர்ஸ்டேட் குரோசர் என்ற மளிகை மொத்த வியாபாரத்தின் முதலாளி. அவரிடம் கிங் பிஸ்கட் என்ற பெயரில் மாவு இருந்தது. நம்மூர் பிஸ்கட்டை நினைத்துக்கொள்ள வேண்டாம். அமெரிக்காவின் தெற்குப் பகுதியில் பிஸ்கட் என்பது காலையில் வீட்டு அடுப்பில் சுட்டுச் சூடாகத் தின்னும் மெத்தென்ற ரொட்டி. அதற்கான மாவை மூட்டை மூட்டையாக வாங்கும் கறுப்பினக் குடும்பங்கள் ஊரைச் சுற்றி நிறைய. அவர்களிடம் போய்ச் சேர மூருக்கு வழி வேண்டியிருந்தது. பாடகர்களுக்கு நேரம் வேண்டியிருந்தது. ஒப்பந்தம் முடிந்தது. மாவைப் பற்றிப் பேசுங்கள், இரவு நிகழ்ச்சியைப் பற்றியும் சொல்லிக்கொள்ளுங்கள். 1941 நவம்பர் 21 அன்று ‘கிங் பிஸ்கட் டைம்’ தொடங்கியது.

இதில் யாரும் புரட்சி செய்யப் புறப்படவில்லை. மூருக்கு மாவு விற்க வேண்டும்; ஆண்டர்சனுக்கு நேரம் விற்க வேண்டும்; பாடகர்களுக்கு ராத்திரிக் கூட்டம் வேண்டும். மூன்று சுயநலமும் ஒரே இடத்தில் வந்து முட்டியதில், தர்மசிந்தனையுள்ள எவரும் செய்யாத ஒன்று நடந்தேறியது. இந்த இடத்தில் எனக்கு வியாபாரத்தின் மேல் ஒரு மரியாதை வருகிறது என்பதை ஒளிக்க மாட்டேன். பாடியவர்கள் அதனால் செழித்துவிடவில்லை என்பதும் எனக்குத் தெரியும். மாவில் வந்த லாபம் மூருக்குப் போனது. பாட்டுக்காரனின் பிழைப்பு ராத்திரிக் கூட்டத்தில் விழும் சில்லறையோடு நின்றது.

பகல் 12:15 என்று நேரம் குறித்ததில் கெட்டிக்காரத்தனம் இருந்தது. பருத்திக்காட்டில் வேலை செய்பவர்கள் சாப்பாட்டுக்குக் கரையேறும் நேரம் அது. இண்டியனோலா பக்கத்துப் பண்ணையில் வேலை பார்த்த ஒரு பையன் உச்சிவேளையில் ஓடிவந்து இதைக் கேட்பான். பிற்காலத்தில் உலகம் அவனை ப்ளூஸ் மேதை பி.பி. கிங் என்று அழைத்தது. கிளார்க்ஸ்டேலுக்கு அருகே ஸ்டோவால் பண்ணையில் டிராக்டர் ஓட்டிய, பின்னாளில் ப்ளூஸ் பாடகராகப் பெயர்பெற்ற மட்டி வாட்டர்ஸும் இதன் நேயர். லாக்வுட் மின்கிட்டார் வாசித்தார். அந்தச் சுற்றுவட்டாரத்தில் பலர் மின்கிட்டார் ஒலியை முதன்முதலாகக் கேட்டது இந்த நிகழ்ச்சியில்தான். பிறகு டிரம்ஸுக்குப் பெக் கர்ட்டிஸ், பியானோவுக்கு டட்லோ டெய்லர், பைன்டாப் பெர்கின்ஸ் என்று குழு பெருத்தது. குழுவுக்குப் பெயர் கிங் பிஸ்கட் என்டர்டெய்னர்ஸ். மாவு மூட்டையின் பெயரையே தலையில் வைத்துக்கொண்டு பாடினார்கள், பினாகாவைப் போலத்தான். சனிக்கிழமைகளில் லாரியில் ஏறி ஊர் ஊராகப் போய் மளிகைக் கடை வாசலிலேயே வாசிப்பதும் உண்டு.

மாவு விற்ற வேகம் மூருக்கே மலைப்பாக இருந்திருக்க வேண்டும். சில ஆண்டுகளில் ‘ஸன்னி பாய்’ என்ற பெயரிலேயே சோளமாவு சந்தைக்கு வந்தது. பையின் மேல் ஒரு சோளக்கதிர். அதன்மேல் மவுத் ஆர்கனோடு உட்கார்ந்திருக்கும் ஸன்னி பாயின் படம். கறுப்பினத்தவர் பெரும்பாலும் வேலைக்காரராகவோ கோமாளியாகவோ மட்டும் விளம்பரங்களில் தோன்றிய காலம் அது. இவர் தம் பெயரோடு, தம் தொழிலோடு அந்தப் பையில் இருந்தார்.

தம் பெயர் என்று சொன்னேன். அதிலும் ஒரு வில்லங்கம். மனிதரின் இயற்பெயர் அலெக் மில்லர். எல்லோரும் ரைஸ் மில்லர் என்பார்கள். உண்மையான ஸன்னி பாய் வில்லியம்ஸன் சிகாகோவில் இசைத்தட்டு போட்டுப் புகழ்பெற்றிருந்த வேறொருவர். அவர் உயிரோடு இருக்கும்போதே, அவருடைய பெயரை எடுத்து வைத்துக்கொண்டார் நம்முடைய ஆள். எது எப்படியோ, ஹெலெனா வட்டாரத்தில் ஸன்னி பாய் என்றால் இவர்தான் என்று தினசரி உச்சிவேளை ஒலிபரப்பு முடிவு செய்துவிட்டது. 1948இல் சிகாகோக்காரர் கொலையுண்ட பிறகு பெயருக்குப் போட்டியே இல்லை. தம் பிறந்த ஆண்டையும் இவர் ஆளுக்கொரு விதமாகச் சொல்லிவந்தார். பொய் சொல்வதில் ஒரு கலைஞருக்குரிய தாராளம்.

போட்டி வராமல் இருக்குமா? பிரைட் ஸ்டார் என்ற இன்னொரு மாவுக்காக ராபர்ட் நைட்ஹாக் என்ற கிட்டார்க்காரர் அதே நிலையத்திலேயே வாசித்தார். ஆற்றுக்கு அந்தப் பக்கம் கிளார்க்ஸ்டேலில் டபிள்யூ.ஆர்.ஓ.எக்ஸ். நிலையம்; அதில் 1947இல் ஒலிவாங்கி முன் உட்கார்ந்த எர்லி ரைட், மிசிசிப்பி மாநிலத்தின் முதல் கறுப்பின வானொலித் தொகுப்பாளராக அறியப்படுபவர். அரை நூற்றாண்டு அந்த நாற்காலியை விட்டு அவர் எழவில்லை. மெம்பிஸ் நகரத்தின் டபிள்யூ.டி.ஐ.ஏ. வெள்ளை முதலாளிகளுடையது, நஷ்டத்தில் தள்ளாடிக்கொண்டிருந்தது. 1948இல் கறுப்பின நேயர்களை நம்பி இறங்கியது, பிழைத்தது.

பி.பி. கிங் மேலேறிய கதையையும் இங்கே சொல்லிவிடுகிறேன். ஸன்னி பாய் ஹெலெனாவை விட்டு வெஸ்ட் மெம்பிஸில் கே.டபிள்யூ.ஈ.எம். நிலையத்தில் பாடிக்கொண்டிருந்தபோது, இந்தப் பையன் போய் ஒரு பாட்டுப் பாட வாய்ப்புக் கேட்டான். பாடினான். அன்று இரவு ஸன்னி பாய்க்கு இரண்டு இடத்தில் நிகழ்ச்சி. ஒன்றைப் பையனிடம் தள்ளிவிட்டார். அந்த விடுதிக்கார அம்மாள், ‘வானொலியில் என் கடையைப் பற்றிச் சொல்ல முடிந்தால் உனக்கு நிரந்தர வேலை’ என்றாராம். அந்த ஒரு தேவைக்காக மழையில் நனைந்துகொண்டு டபிள்யூ.டி.ஐ.ஏ.வுக்கு நடந்தார் கிங். அங்கே அவருக்குக் கிடைத்த முதல் வேலை, பெப்டிகான் என்ற டானிக்குக்கு விளம்பரப் பாட்டுப் பாடுவது. சாகாவரம் பெற்ற ஒரு கலை வாழ்க்கை டானிக் பாட்டில் தொடங்கியது.

டானிக் என்றதும் ஞாபகம் வருகிறது. ஹடகால் என்றொரு மருந்து அந்த நாளில் அமெரிக்காவின் தெற்குப் பகுதி வானொலிகளில் சக்கைப்போடு போட்டது. லூசியானா மாநில செனட்டர் டட்லி லெப்ளாங்க் தயாரித்தது. வைட்டமின் மருந்து என்று பெயர். உள்ளே சாராயச் சத்து 12 சதவீதம். மதுவிலக்கு இருந்த கவுண்டிகளில் அதற்குக் கிராக்கி எப்படி இருந்திருக்கும் என்று தமிழ்நாட்டுக்காரர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. ஸன்னி பாயும் அதை விற்றிருக்கிறார். இப்படிப்பட்ட விளம்பரங்களைக் கேட்டால் உங்களுக்குக் கத்தரிக்கோலைத் தேடத் தோன்றும். நான் அதைத்தான் முதலில் பத்திரப்படுத்துவேன். ஒரு வட்டாரம் எதற்கு ஏங்கியது, எதில் ஏமாந்தது என்பதை இதைவிட நேராகச் சொல்லும் சாட்சி எது? நம் பக்கத்துச் சிட்டுக்குருவி லேகியமும் அந்த வகைச் சாட்சிதான்.

ஸன்னி பாய் ஓரிடத்தில் இருப்புக் கொள்ளாதவர். ஹெலெனாவுக்கு வருவார், போவார். 1951இலிருந்து இசைத்தட்டுகள் போட்டார். பிறகு சிகாகோவின் செக்கர் நிறுவனத்துக்குப் பாடினார். 1963இல் ஐரோப்பா போனார். இங்கிலாந்தின் இளம் ராக் குழுக்கள் யார்ட்பேர்ட்ஸ், அனிமல்ஸ் எல்லாம் அவரோடு மேடையேறத் தவம் கிடந்தன. அவர் லண்டனில் இரட்டை நிற சூட் தைத்துப் போட்டுக்கொண்டு உலாவினார். அங்கேயே தங்கிவிட்டிருக்கலாம். 1965இல் ஹெலெனாவுக்குத் திரும்பி, பழையபடி உச்சிவேளைக்கு மாவு விற்க உட்கார்ந்தார். ஊர் மக்களில் பலருக்கு, அவர் ஐரோப்பாவில் ராஜமரியாதை கண்டு வந்தவர் என்பதை நம்பவே முடியவில்லையாம்.

அந்தக் கடைசி மாதங்களில் அவரைத் தேடி ஒரு வெள்ளைக்கார இளைஞர் கூட்டம் வந்தது. அதில் டிரம்ஸ் வாசிப்பவர் லெவன் ஹெல்ம், அதே பிலிப்ஸ் கவுண்டிப் பருத்தி விவசாயி வீட்டுப் பிள்ளை. சிறுவயதில் கே.எஃப்.எஃப்.ஏ. நிலையத்துக்கே போய் உட்கார்ந்து, பெக் கர்ட்டிஸ் டிரம்ஸ் அடிப்பதை வாய் பிளந்து பார்த்தவர். அவருடைய குழு பிற்பாடு ‘தி பேண்ட்’ என்ற பெயரில் உலகப் புகழ் பெற்றது. அன்று ஸன்னி பாயோடு சேர்ந்து வாசித்தார்கள். அவர் அடிக்கடி ஒரு டப்பாவில் துப்பிக்கொண்டிருந்தார். புகையிலைச் சாறு என்று நினைத்தார் கிட்டார்க்காரர் ராபி ராபர்ட்சன். எட்டிப் பார்த்தால் ரத்தம். கறுப்பரும் வெள்ளையரும் ஒரே மேசையில் உட்கார்ந்திருந்ததற்காக உள்ளூர்ப் போலீஸ் அவர்களைத் தொந்தரவு செய்ததையும் அவர்கள் பின்னாளில் சொல்லியிருக்கிறார்கள். மாவு வாங்க வந்தால் வரவேற்ற ஊர்தான் அது.

1965 மே 25. மணி 12:15ஐ நெருங்கியது. ஸன்னி பாய் நிலையத்துக்கு வரவில்லை. பெக் கர்ட்டிஸ் அவர் தங்கியிருந்த வீட்டுக்குத் தேடிப் போனார். படுக்கையில் இறந்து கிடந்தார்.

இந்தக் கதையில் எனக்கு வேண்டிய இடம் அதற்குக் கொஞ்சம் முன்னால் இருக்கிறது. அதே 1965இல் ஆர்ஹூலி என்ற சிறு இசைத்தட்டு நிறுவனத்தை நடத்திய கிறிஸ் ஸ்ட்ராக்விட்ஸ் ஹெலெனாவுக்கு வந்து, கே.எஃப்.எஃப்.ஏ.வில் ஸன்னி பாயின் ஒலிபரப்பு ஒன்றைப் பதிவு செய்துவைத்தார். இன்று ஆய்வாளர்கள் அந்தப் பதிவைக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறார்கள். ஏனென்றால் 1940களின் ஒலிபரப்புகள் அநேகமாகக் காற்றோடு போய்விட்டன. நேரலையில் பாடிவிட்டு எழுந்து போனார்கள். பதிவு செய்து வைக்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. ஸன்னி பாயின் ஸ்டூடியோப் பாட்டுகள் எத்தனையோ கிடைக்கின்றன. ஆனால் பி.பி. கிங் பருத்திக்காட்டிலிருந்து ஓடிவந்து கேட்டது அவற்றையில்லை. பாட்டும், நடுவே மாவும், இன்று இரவு இந்த ஊரில் ஆட்டம் என்ற அறிவிப்பும் கலந்த அந்த உச்சிவேளையை இனி யாராலும் கேட்க முடியாது.

ஹெலெனாக்காரர்களுக்கு அன்று அது தோன்றவில்லை. உங்களிடம் கேசட் இருக்கிறது, அதைப் பாதுகாக்கும் அக்கறையும் இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு நீங்களே வெட்டுகிறீர்கள் என்பதுதான் என் ஆற்றாமை.

மிச்சக் கதையையும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நிகழ்ச்சிக்கு 1951இலிருந்து ஸன்னி பெய்ன் என்ற வெள்ளைக்காரர் தொகுப்பாளர். ஹெலெனாவிலேயே பிறந்தவர். பையனாக நிலையத்தில் தரை கூட்டி, விளம்பரம் வாசித்துப் பழகி, போருக்குப் போய்த் திரும்பியவர். பிஸ்கட் தட்டைத் தள்ளச் சொல்லும் ஒரு கூப்பாடோடு தினமும் தொடங்குவார். குழுக்கள் போய், நேரலை போய், இசைத்தட்டு சுழற்றும் நிகழ்ச்சியானபோதும் அவர் போகவில்லை. 1980களின் முற்பகுதியில் நிகழ்ச்சி சில காலம் நின்றிருந்து, 1986இல் திரும்பியது. அதே ஆண்டில் அந்த மாவின் பெயரிலேயே ஒரு ப்ளூஸ் திருவிழாவும் ஆரம்பித்தது. மாவு மறந்துபோன பிறகும் திருவிழா நடக்கிறது. 1992இல் ஒலிபரப்புக்கான பீபாடி விருது கிடைத்தது. 17 ஆயிரத்துக்கும் மேற்பட்ட நிகழ்ச்சிகளைத் தொகுத்துவிட்டு, 2018 பிப்ரவரியில் 92ஆம் வயதில் மறைந்தார் பெய்ன். பருத்தி எந்திரத்துக்குப் போய், வேலை வடக்கே போய், மக்கள் சிகாகோவுக்கும் டெட்ராய்ட்டுக்கும் போய், ஊர் இளைத்துவிட்டது. நிலையம் இருக்கிறது.

உங்களில் சிலர் இந்த இடத்தில் மடக்குவீர்கள். உள்ளூர் மாவுக் கடை விளம்பரம் வேறு, இன்றைக்கு நம் எஃப்.எம். நிலையங்களில் நிமிடத்துக்கு நிமிடம் அலறும் விளம்பரம் வேறு என்று. ஒப்புக்கொள்கிறேன். திருநெல்வேலியிலும் தூத்துக்குடியிலும் தனியார் எஃப்.எம். இருக்கிறது. ஆனால் அவற்றுக்குச் சொந்தமாகச் செய்தி சொல்ல அனுமதியில்லை. 2011ஆம் ஆண்டுக் கொள்கைக்குப் பிறகு ஒரே நிறுவனத்தின் நிலையங்கள் ஒரே நிகழ்ச்சியைப் பகிர்ந்துகொள்ளவும் வழி பிறந்துவிட்டது. ஊரில் நிலையம் இருந்தும் அதில் ஊர் கேட்காமல் போக அது போதும். இதில் ஒரு வேடிக்கை கவனித்திருக்கிறீர்களா? அப்படிப்பட்ட நிலையத்திலும் ஊரின் பெயர் அடிபடும் இடம், சன்னதி தெரு ஜவுளிக்கடையின் ஆடித் தள்ளுபடியும் புது பஸ் ஸ்டாண்டு எதிரே திறந்த பாத்திரக் கடையும்தான். ஊர்ப்பேச்சும் தெருப்பெயரும் அந்த விளம்பரத்தில் இருக்கின்றன. ஆகவே அவற்றையும் இப்போதே பதிவு செய்து வையுங்கள் என்பேன். சிரிக்காதீர்கள். இருபது ஆண்டு கழித்து அந்த ஜவுளிக்கடை இருக்காது.

இன்னொரு மறுப்பும் காதில் விழுகிறது: “கேட்கிறவங்க பாட்டைத்தானே சார் கேட்கிறாங்க?” நியாயம். விழாவுக்கும் கூட்டத்துக்கும் வெட்டிய பிரதியைப் போடுங்கள். நான் கேட்பது, வெட்டாத பிரதி ஒன்று எப்போதும் இருக்க வேண்டும் என்பது மட்டும்.

இனிக் காரியத்துக்கு வருகிறேன். கேசட்டை மாற்றும்போது இரண்டு பக்கத்தையும் தலை முதல் கால் வரை, நிறுத்தாமல், ஒரே கோப்பாக மாற்றிவிடுங்கள். பாட்டுப் பாட்டாகப் பிரிப்பதை அதற்குப் பிறகு, இன்னொரு பிரதியில் செய்யுங்கள். இரைச்சல் நீக்கும் மென்பொருளை மூலக் கோப்பின் மேல் ஏவாதீர்கள். அது சிற்றலை இரைச்சலோடு அறிவிப்பாளரின் மூச்சையும் எடுத்துவிடுகிறது. நேரம் சொல்வது, நிலையத்தின் பெயர் சொல்வது, அடுத்த நிகழ்ச்சி அறிவிப்பு, பாதியில் வந்து விழும் இன்னொரு நிலையத்தின் குரல், எதையும் விடாதீர்கள். எந்தத் தேதியில் பதிவு செய்தது என்று கேசட்காரருக்கு மறந்துபோயிருக்கும். இலங்கை வானொலி அறிவிப்பாளர் கே.எஸ். ராஜா ஒரு புதுப்படத்துக்குப் பேசும் விளம்பரம் அதில் இருந்தால், எந்த ஆண்டு என்று அதுவே காட்டிக்கொடுக்கும்.

வாழ்த்துப் பட்டியல்களை வெட்டாதீர்கள் என்று தனியாகச் சொல்ல வேண்டுமா? அதில் உங்களில் பலருடைய பெயரே இருக்குமே! எந்தெந்த ஊரில் இலங்கை வானொலி கேட்டது என்பதற்கு, நேயர்கள் அஞ்சலட்டையில் எழுதி அனுப்பிய அந்தப் பெயர்களைவிட நம்பகமான வரைபடம் நமக்குக் கிடைக்கப்போவதில்லை.

பட்டியல் போடும்போது படம், பாடகர் என்ற கட்டங்களுக்கு முன்னால் ‘விளம்பரதாரர்’ என்று ஒரு கட்டம் சேருங்கள். பல் பொடியோ, பனியனோ, சைக்கிளோ, காதில் விழுந்ததை விழுந்தபடியே எழுதுங்கள். புரியாவிட்டால் கேள்விக்குறி போட்டு வையுங்கள், வேறு யாருக்காவது புரியும்.

எனக்குப் பென்டிரைவ் அனுப்பிய மன்றத்தாருக்குத் தனியாக ஒரு வேண்டுகோள். மாற்றி முடித்த கேசட்டுகளைப் பழைய இரும்புக்காரரிடம் போடுவதாகச் சொன்னீர்கள். போடாதீர்கள். போட்டுவிட்டீர்கள் என்றால் எந்தக் கடை என்று சொல்லுங்கள், நானே போய்க் கேட்டுப் பார்க்கிறேன். இன்னும் வீட்டில் இருந்தால் வண்டிச் சத்தம் என்னுடையது. என்னிடம் நல்ல டேப் டெக் ஒன்று வேலை செய்கிறது. ஞாயிற்றுக்கிழமைகளில் சும்மாதான் இருக்கிறது.

இப்படிக்கு,
உங்களைப் போலவே ஒரு பழைய நேயன்